பெடகோக்கின் இடது தோள்

காலை எட்டு மணிக்கும் விடியாத ஊரில் பள்ளிக்கூடம் போனவர்களுக்குத்தான் இதைச் சொல்கிறேன். மற்றவர்களும் கேட்கலாம், ஆனால் பாதிதான் விளங்கும். ஒஸ்லோவின் ரொம்சோஸ், குரோருட் பக்கத்து அடுக்குமாடிகளில் வளர்ந்து, வெளிச்சம் பட்டால் மின்னும் ரெஃப்ளெக்ஸ் துண்டைக் குளிர்ச்சட்டையில் தொங்கவிட்டுக்கொண்டு, மூக்கு மயிர் உறையும் குளிரில் நடந்த நீங்களெல்லாம் இப்போது எங்கே இருக்கிறீர்களோ. உங்களுக்கும் காதோரம் நரைத்திருக்கும். எனக்கு நரைத்துவிட்டது. என் மகள் அதைப் பிடுங்கித் தருகிறேன் என்று நிற்கிறாள், நான் விடுவதில்லை.

நான் சொல்ல வந்தது எங்கள் ஆறாம் வகுப்புப் பனிக்காலத்தை. வகுப்பு முழுவதும் ரோமாபுரிப் பைத்தியம் பிடித்து அலைந்த பனிக்காலம் அது.

அதை ஆரம்பித்து வைத்தவர் வகுப்பாசிரியை. ஒருநாள் காலை உள்ளே வந்ததும் விளக்கை அணைத்தார். எல்லோரும் கத்தினோம். “சத்தம் போடாதீர்கள். நீங்கள் இப்போது ரோமில் இருக்கிறீர்கள். இன்னும் விடியவில்லை. தூக்கக் கலக்கத்தோடு தெருவில் நடக்கிறீர்கள், ஒருவர் கூடவே வெளிச்சம் பிடித்துக்கொண்டு வருகிறார். எங்கே போகிறீர்கள்?” என்று இருட்டுக்குள் நின்று கேட்டார். “பள்ளிக்கூடத்துக்கு” என்று அவரே பதிலும் சொன்னார். ரோமாபுரிப் பிள்ளைகள் சூரியன் எழும்ப முன்னரே பள்ளிக்குப் போனார்களாம். விளக்குப் புகையில் அவர்களுடைய பாடச் சுருள்கள் கறுத்துப் போகுமாம்.

நான் சன்னலைப் பார்த்தேன். வெளியே கரு நீலம். பனிக்குவியலின் மேல் தெருவிளக்கு மஞ்சளாகக் கிடந்தது. எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது. “அது நாங்கள்தானே!” என்று கை தூக்காமலே கத்திவிட்டேன். வெயில் கொளுத்தும் ஊர் என்று நினைத்திருந்த ரோம், அந்த ஒரு நிமிடத்தில் ரொம்சோஸுக்குப் பக்கத்துத் தெருவாகிவிட்டது.

பிறகு எங்களைப் பிடிக்க முடியவில்லை. மரவேலை அறையில் பலகை வெட்டி, நடுவைக் குடைந்து, ஆளுக்கொரு மெழுகுப் பலகை செய்தோம். ரோமாபுரிப் பிள்ளைகள் எழுதும் கொப்பி அதுதான். வீட்டில் எரிந்து மிஞ்சிய மெழுகுதிரித் துண்டுகளை எல்லோரும் கொண்டுவந்தோம். சமையல் வகுப்புச் சட்டியில் அவற்றை உருக்கிக் கறுப்பு நிறம் கலந்து ஊற்றினோம். நத்தார்ப் பண்டிகை மெழுகுதிரி வாசமும் எங்கள் வீட்டுச் சாமியறைக் கற்பூர வாசமும் ஒரே சட்டியில் கலந்து, அந்த வாரம் முழுவதும் பள்ளிக்கூடம் கோயிலும் தேவாலயமுமாக மணத்தது.

எழுத ஆணி வேண்டும். மற்றப் பிள்ளைகள் கம்பளி பின்னும் ஊசி கொண்டுவந்தார்கள். என் அப்பா உடைந்த குடையொன்றின் கம்பியை முறித்து, ஒரு முனையைக் கூராக்கி, மறுமுனையைச் சுத்தியலால் தட்டித் தட்டையாக்கித் தந்தார். கூர் முனையால் கீறினால் மெழுகு சுருள் சுருளாக மேலே வரும். தட்டை முனையால் தடவினால் எழுத்து அழிந்துவிடும். பிழை விட்டால் ஒரு தடவல், பலகை மீண்டும் புத்தம் புதிது! நான் அதில் என் பெயரை ஒரு பக்கம் தமிழிலும் மறுபக்கம் லத்தீன் எழுத்திலும் எழுதி எழுதி அழித்தேன். அந்தப் பலகையைக் கொண்டுபோய்ச் வீட்டுச் சன்னலடியில் அறையைச் சூடாக்கும் இயந்திரத்தின் மேல் வைத்தவள் நான்தான். விடியப் பார்த்தால் ரோமாபுரி கறுப்பாக வழிந்து நிலவிரிப்புக்குப் போய்விட்டது. அம்மா அதைச் சுரண்டிக்கொண்டே திட்டியது இன்னும் காதில் கிடக்கிறது. குடைக்கம்பி மட்டும் கொஞ்சக் காலம் என் மேசையில் இருந்தது. அதுவும் எந்த வீடு மாறலில் போனதோ தெரியாது.

இப்போது அப்பாவின் கதைக்கு வருகிறேன்.

அப்பா மட்டக்களப்பில் எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடம் போகாமல் நின்றவர். நாட்டுப் பிரச்சினை, அதுதான் போர், அவரை நிற்க வைத்தது. ஒஸ்லோவில் அவருக்கு பஸ் கழுவும் வேலை. விடிய வேலை முடிந்ததும் மஞ்சள் வேலைச் சட்டையோடு நேரே வீட்டு வாசலுக்கு வருவார். நான் சப்பாத்துக் கட்டி நிமிர்வதற்குள் என் புத்தகப்பை அவருடைய தோளுக்குப் போயிருக்கும். கையில் ரோச் லைட். எனக்குப் பின்னால் ஒரு அடி விட்டு, கொஞ்சம் பக்கவாட்டாக வருவார். “மெதுவா மகள், மெதுவா. சறுக்கும்.” பள்ளிக்கூடம் போய்ச் சேரும் மட்டும் இந்தச் சொற்கள்தான். இரண்டாம் வகுப்பில் நான் பனிக்கட்டியில் சறுக்கி முகங்குப்புற விழுந்து நாடியில் தையல் போட்ட நாளிலிருந்து இந்த ஊர்வலம் நடந்துகொண்டிருந்தது.

நோர்வேப் பிள்ளைகள் தனியாகத்தான் வருவார்கள். முதல் வகுப்புப் பொடியன்கூடத் தன்னைவிடப் பெரிய பையைச் சுமந்துகொண்டு ஆமை மாதிரி வருவான். ஆகவே பெற்றோர் சந்திப்பில் அந்தக் கதை வந்தே தீர வேண்டியிருந்தது. வகுப்பாசிரியை நல்லவர், சிரித்துக்கொண்டுதான் சொன்னார்: “இவள் பெரிய பிள்ளை. தன் பையைத் தானே தூக்கட்டும். நீங்கள் இப்படிக் காவித் திரிந்தால் தன் காலில் நிற்க எப்போது பழகுவாள்?” மொழிபெயர்ப்பாளர் நானேதான். நம் வீடுகளில் யார் மொழிபெயர்த்தது, நாம்தானே? எனக்கு எதிரான வழக்கை நானே வாசிப்பதுபோல அதைத் தமிழில் சொன்னேன். அப்பா தலையாட்டி, தனக்குத் தெரிந்த நோர்வே மொழியில் “ஓம், ஓம், நிச்சயமாக” என்றார்.

அடுத்த நாளும் பை அவர் தோளில்தான். ஒரேயொரு மாற்றம் வந்தது. பள்ளிக்கூட முற்றத்துக்கு முந்திய வளைவில் பச்சை நிற மின்சாரப் பெட்டி ஒன்று நின்றது. அதற்குப் பின்னால் போய் இரண்டு பேரும் பதுங்குவோம். பை கை மாறும். “ஓடு” என்பார். கடத்தல்காரர்கள் மாதிரி இருக்கும். எனக்கு அது தாங்க முடியாத சந்தோசம்.

பின்னேரம் அவர் நித்திரையால் எழும்பியதும் ஒரு கேள்வி வரும். “இண்டைக்கு என்ன படிச்சனீ? ஒண்டும் விடாமச் சொல்லு.” நான் நோர்வே மொழியில் ஒப்பிப்பேன். அவர் கண்ணை மூடிக்கொண்டு தலையாட்டுவார். நான் சொன்னது சரியா பிழையா என்று ஒருநாளும் சொன்னதில்லை. என்னைச் சோதிக்கிறார் என்றுதான் நினைத்திருந்தேன். அது சோதனை இல்லை, அவர் படித்துக்கொண்டிருந்தார் என்பது எனக்குப் பிடிபட எத்தனையோ வருடம் எடுத்தது.

சரி, நாடகத்துக்கு வருவோம். ரோமாபுரிப் பள்ளிக்கூடத்தை மேடையில் காட்டி, பெற்றோரையெல்லாம் அழைப்பது என்று முடிவானது. யாருக்கு எந்த வேடம் என்று துண்டு எழுதி வகுப்பாசிரியை தன் கம்பளித் தொப்பிக்குள் போட்டுக் குலுக்கினார். பிரம்பு வைத்திருக்கும் வாத்தியார் வேடம் என் தோழிக்கு விழுந்தது. ரோமாபுரிப் பணக்காரப் பிள்ளை வேடம், வகுப்பிலேயே நெட்டையான, தன் காலில் தானே தடுக்கும் வெள்ளைத்தலைப் பையன் ஒருவனுக்கு. நான் எடுத்த துண்டில் ‘பெடகோக்’ என்றிருந்தது.

நோர்வேயில் இருக்கும் உங்களுக்குத் தெரியும், இங்கே பெடகோக் என்றால் பல்கலைக்கழகத்தில் படித்துப் பட்டம் வாங்கிய கல்வியாளர். வகுப்பாசிரியை சிரித்தார். “அந்தக் காலத்துப் பெடகோக் வேறு. அது கிரேக்கச் சொல், பிள்ளையைக் கூட்டிப் போகிறவன் என்று அர்த்தம். அநேகமாக ஒரு கிரேக்க அடிமை. விடியுமுன் பிள்ளையைப் பள்ளிக்குக் கூட்டிப்போவான், அவனுடைய சாமான்களைக் காவுவான், வெளிச்சம் பிடிப்பான். வகுப்பில் பின்னால் இருந்து பாடத்தைக் கேட்பான். வீட்டுக்கு வந்ததும் அன்றைய பாடத்தைத் திருப்பிச் சொல்ல வைப்பான்.”

வகுப்பு சிரித்தது. எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஒரு மஞ்சள் வேலைச் சட்டை கண்ணுக்குள் வந்து நின்றது. ஒவ்வொன்றாகச் சரி பார்த்தேன். பை, சரி. வெளிச்சம், சரி. ஒப்பிக்க வைப்பது, சரியோ சரி! இந்த வேடத்தை எனக்கு யாரும் சொல்லித்தரத் தேவையில்லை. அதுவும் எல்லாக் காட்சியிலும் மேடையில் நிற்கிற வேடம். “அவன் கிரேக்கத்தில்தானே கதைத்திருப்பான், நான் என்ன செய்வது?” என்று கேட்டேன். வகுப்பாசிரியை, “இங்கே கிரேக்கம் யாருக்குத் தெரியும்? நீ உன் மொழியில் சொல்” என்றார். அன்று நான் வீட்டுக்கு நடக்கவில்லை, பறந்தேன்.

வீட்டில் வேறு கூத்து நடந்தது. அம்மா பார்னஹாகேயில், அதுதான் நம் சின்னவர்களைப் பகலில் பார்த்துக்கொள்ளும் இடத்தில், உதவியாளராக வேலை செய்தார். அங்கே பெடகோக் என்பவர் அம்மாவின் மேலதிகாரி. கூட்டத்தில் பேசுகிறவர், அம்மாவுக்கு லீவு கொடுக்கிறவர். ஒருநாள் தானும் அந்தக் கதிரையில் உட்கார வேண்டும் என்று அம்மா வேலை முடிந்து வகுப்புக்குப் போய்க்கொண்டிருந்தார். அந்த வீட்டுக்குள் போய் “அம்மா, நான் நாடகத்தில பெடகோக்” என்றால் எப்படி இருக்கும்?

அகப்பை கறிச்சட்டிக்குள் விழுந்தது. அடுத்த நிமிடம் தொலைபேசி. பக்கத்து நகரமான திராமனில் இருக்கும் மாமாவுக்கு, அம்மாவின் தம்பிக்கு, முதல் அழைப்பு. “தம்பி, எங்கட பிள்ளை பெடகோக்காம்! வகுப்பில வேற ஒருத்தருக்கும் குடுக்கேல்லையாம்! நீ கமெராவோட வா.” பிறகு கீழ்மாடி, மேல்மாடி, கோயிலில் பழக்கமானவர்கள் என்று அழைப்புப் போய்க்கொண்டே இருந்தது.

“அம்மா, அந்தக் காலத்துப் பெடகோக் எண்டால்...”

“எனக்கே பெடகோக் எண்டால் என்னெண்டு சொல்லித்தாறாய்? ஒவ்வொரு நாளும் அவவுக்குக் கீழதானே நிக்கிறன்.”

நான் கறிக்குள் விழுந்த அகப்பையை எடுத்துக் கழுவினேன். நாடகத்தன்று, சாக்குத் துணி உடுப்புப் போட்டிருந்த என் கழுத்தில் அம்மா தன் தங்கச் சங்கிலியைக் கொளுவி விட்டார். பெடகோக் வெறுங்கழுத்தோடு மேடையேறக்கூடாதாம். நான் அதை உடுப்புக்குள் தள்ளி மறைத்தேன். தங்கச் சங்கிலி போட்ட அடிமை ரோமாபுரியில் நான் ஒருத்தியாகத்தான் இருந்திருப்பேன்.

பள்ளிக்கூட மண்டபம் நிறைந்துவிட்டது. இரண்டாம் வரிசை முழுக்க நம் ஆட்கள். அம்மா பட்டுச் சேலையில். அப்பா கலியாணத்துக்கு மட்டும் எடுக்கும் கோட்டில். வேலையை வேறொருவரோடு மாற்றிக்கொண்டு வந்திருந்தார். மாமா முக்காலியில் கமெராவைப் பூட்டி, ஒரு கண்ணை மூடிக்கொண்டு நின்றார்.

நாடகம் தொடங்கியது. கதை சொல்லும் பிள்ளை முன்னால் வந்து ஒவ்வொரு வேடத்தையும் அறிமுகம் செய்தாள். என்னைக் காட்டி, “இவன் பெடகோக். இவன் ஒரு அடிமை” என்றாள்.

திரை ஓரத்தில் நின்ற எனக்கு மாமாவின் குரல் தெளிவாகக் கேட்டது. “அடிமையோ? அக்கா, அடிமை எண்டெல்லோ சொல்லுறாள்!” கமெரா சரிந்து தொங்கியது. “இதுக்கோ நான் திராமனில இருந்து வந்தனான்? கறுத்தப் பிள்ளையாப் பாத்துக் குடுத்திருக்கிறாங்கள். அத்தான், எழும்புங்கோ, பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போவம்.” அம்மாவின் முகம் சுருங்கிப் போனது. அந்த ‘பெடகோக்’ என்ற சொல்லை யாரோ அவர் கையிலிருந்து பறித்த மாதிரி இருந்தார். அப்பா மேடையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அடுத்த காட்சி என்ன என்று எனக்குத்தானே தெரியும்! நான் பழகி வைத்திருந்தது அப்பாவின் நடை. அப்பாவின் சொல். அடிமை என்று ஊரறியச் சொன்ன கையோடு, அதே ஊரின் முன்னால் நான் அப்பாவாக நடக்க வேண்டும். போதாக்குறைக்கு, பை தூக்காதே என்று அவருக்குச் சொன்ன வகுப்பாசிரியை முன்வரிசையில் இருக்கிறார். வேறு மாதிரி நடக்கலாமா என்று யோசித்தேன். என் காலுக்கு வேறு நடை தெரியவில்லை.

விளக்கு அணைந்தது. வெள்ளைத்தலைப் பையன், தன் தாயின் கட்டில் விரிப்பைச் சுற்றிக்கொண்டு, அது நிலத்தில் இழுபட, முன்னால் நடந்தான். நான் பின்னால், ஒரு அடி விட்டு, கொஞ்சம் பக்கவாட்டாக. தோளில் பை. கையில் விளக்கு. வாய் தானாகச் சொன்னது:

“மெதுவா மகன், மெதுவா. சறுக்கும்.”

இரண்டாம் வரிசையில் யாரோ ஒரு பெண், “ஐயோ, இது அவரெல்லோ!” என்று சிரித்தார். அந்தச் சிரிப்பு வரிசை நெடுகப் பரவியது.

அப்பா எழும்பினார்.

முடிந்தது என்று நினைத்தேன். கோட்டோடு நேராக நின்றுகொண்டு என்னை உற்றுப் பார்த்தார். நான் நடுமேடையில் நின்றுவிட்டேன். அப்பா வாயைத் திறந்தார்.

“அந்தத் தோளில்லை, மகள்! இடது தோள்! பையும் லைட்டும் இடப்பக்கம். வலக்கை சும்மா இருக்கவேணும். பிள்ளை விழுந்தால் என்னத்தாலே பிடிப்பாய்?”

மண்டபம் முழுவதும் திரும்பிப் பார்த்தது. நான் பையை இடது தோளுக்கு மாற்றினேன். விளக்கையும் இடது கைக்கு மாற்றினேன். இத்தனை வருடம் அவர் எனக்குப் பின்னால் நடந்தும் அந்த வெறும் வலக்கையை நான் கவனித்ததே இல்லை. அது எனக்காகத்தான் சும்மா இருந்தது. ஆனால் அழ நேரமில்லை, ஏனென்றால் அந்த நெட்டையன் பள்ளிக்கூடப் படியில் கால் வைத்து, கட்டில் விரிப்பை மிதித்து, முகம் குப்புறச் சரிந்தான். என் வலக்கை பாய்ந்து அவன் தோள் துணியைப் பிடித்தது. நெட்டையன் ஆடி, நிமிர்ந்து, நின்றுவிட்டான்.

அப்படி ஒரு கைதட்டலை நான் பிறகு என் வாழ்நாளில் கேட்டதில்லை. நோர்வேக்காரர்கள் எல்லாமே நாடகத்தில் உள்ளது என்று நினைத்தார்கள். அப்பா மெல்ல உட்கார்ந்து கோட்டை இழுத்துச் சரி செய்தார்.

இந்த அழகெல்லாம் மாமாவின் ஒளிநாடாவில் இல்லை. கோபத்தில் கமெராவை நிறுத்த மறந்துவிட்டார், அதன் லென்ஸ் மட்டும் கீழே பார்த்தபடி. ஆகவே படம் முழுவதும் மாமாவின் பளபளத்த கறுப்புச் சப்பாத்து. அதற்கு மேலே அப்பாவின் குரல்: “இடது தோள்!” பல வருடம் விருந்துகளில் அதைப் போட்டுப் போட்டுச் சிரித்தோம். பிறகு யாரோ அதன் மேல் ஒரு பெண்பிள்ளையின் சாமத்தியவீட்டுச் சடங்கைப் பதிவு செய்துவிட்டார்கள்.

நாடகம் முடிந்து நடைக்கூடத்தில் வாஃபிளும் கோப்பியும் கொடுத்தார்கள். மாமாவுக்கு இன்னும் ஆறவில்லை. துண்டு எடுத்துத்தான் வேடம் வந்தது என்று நான் சொன்னதை அவர் காதில் போடவேயில்லை. “என்ன இருந்தாலும் அடிமைதானே, அத்தான்?”

“அடிமைதான்” என்றார் அப்பா. “ஆனா மச்சான், அவனை உள்ளுக்கு விட்டிருக்கிறாங்கள். நாடகத்தில சொன்னதைக் கேட்டனீரே? பின்னால இருந்து படிப்பைக் கேட்டவனாம். நான் இவ்வளவு வருசமும் வாசலுக்கு வர முதலே திரும்பிறன்.”

அம்மா அப்பாவை ஒரு மாதிரி பார்த்தார். பிறகு என் கழுத்துச் சங்கிலியை உடுப்புக்குள்ளிருந்து வெளியே எடுத்து, எல்லோரும் பார்க்கும்படி நேராக விட்டார்.

அப்போது வகுப்பாசிரியை வாஃபிள் தட்டோடு எங்களிடம் வந்தார். அப்பா தட்டை வாங்கவில்லை. கோட்டின் பொத்தானைப் போட்டார். மொழிபெயர்க்க நான் ஒரு அடி முன்னால் வந்தேன், அப்பா கையால் தடுத்துவிட்டார். சொல் சொல்லாக எடுத்து வைத்து, நோர்வே மொழியில் அவரே கேட்டார்:

“நான் ஒருநாள் பின்னால் இருக்கலாமா?”

வகுப்பாசிரியை பகிடி என்று நினைத்துச் சிரிக்கத் தொடங்கினார். அப்பா சிரிக்கவில்லை. வகுப்பாசிரியையின் சிரிப்பும் நின்றது. முகம் சிவந்தது. “நாளைக்கே வாருங்கள்” என்றார். பிறகு குரலைத் தாழ்த்தி, “ஆசிரியர் அறைச் சன்னலிலிருந்து அந்தப் பச்சைப் பெட்டி நன்றாகத் தெரியும். நாளைக்கு அதற்குப் பின்னால் ஒளிய வேண்டாம்” என்றார். அவ்வளவு நாளும் பார்த்துக்கொண்டுதான் இருந்திருக்கிறார்! எங்கள் கடத்தல் தொழில் அத்தோடு முடிந்தது.

மறுநாள் காலை பச்சைப் பெட்டியை நாங்கள் நிற்காமல் கடந்தோம். பை அவர் இடது தோளிலேயே முற்றம் தாண்டியது, வாசல் தாண்டியது, வகுப்புக்குள் வந்தது. சப்பாத்தைக் கழற்றிவிட்டு, மஞ்சள் சட்டையோடு, கடைசி வரிசையில் சின்னக் கதிரையொன்றில் முழங்கால் நெஞ்சில் இடிக்க அப்பா உட்கார்ந்தார். இரவு முழுக்க வேலை செய்த மனிதர் தூங்கிவிடுவார் என்று பயந்து திரும்பித் திரும்பிப் பார்த்தேன். அவர் கண் கரும்பலகையை விட்டு அசையவில்லை. நெட்டையன் தன் மெழுகுப் பலகையை அவரிடம் நீட்டினான். அப்பா அதை மடியில் வைத்துக்கொண்டு, ஊசியால் ஏதோ கீறிக்கொண்டிருந்தார். வெளியே பொழுது மெல்ல வெளித்தது.

அன்று பின்னேரம் வழமைபோலக் கேள்வி வந்தது. “இண்டைக்கு என்ன படிச்சனீ? ஒண்டும் விடாமச் சொல்லு.”

நான் வழமைபோல ஒப்பித்தேன். ரோமாபுரியில் பையன்கள் பள்ளிக்கூடம் போனார்கள், பெண்பிள்ளைகள் வீட்டில் இருந்தார்கள் என்று அடித்துவிட்டேன்.

அப்பா கண்ணைத் திறந்தார்.

“பிழை” என்றார். என் வாழ்நாளில் முதல் தடவையாக. “பொம்பிளைப் பிள்ளையளும் போனவை எண்டு டீச்சர் சொன்னவ. நீ அப்ப சன்னலுக்கால வெளியில பாத்துக்கொண்டிருந்தனீ.”